வேறு பரிமாணத்துக்கு மேப் போட்ட 18 பேர்

இந்த எபிசோடு கொஞ்சம் வித்தியாசமா ஆரம்பிச்சது. போன மாசம் ரெண்டு வாரம் ஊர்ல இருந்தேன். ஊர்னா வாசுதேவநல்லூர். தென்காசியிலிருந்து மதுரை போற ரோட்டுல, புளியங்குடி தாண்டி, சிவகிரிக்கு முன்னாடி. மேற்கே பார்த்தா மலை. அவ்வளவுதான் அறிமுகம்.

அங்க இருந்தப்போ ஃபிரெண்டு ஒருத்தன் ஒரு ஃபேண்டஸி கதையைப் பத்தி போன்ல அரை மணி நேரம் பேசினான். அந்தக் கதையில அறிஞர்களோட சங்கம் ஒண்ணு இருக்கு. அவங்க வேலையே வேறு வேறு பரிமாணங்களுக்கு மேப் போடுறது. யாரும் போக முடியாத இடத்துக்கு வரைபடம். தலைமுறை தலைமுறையா அதே வேலை. "நிஜத்துல இப்படி ஒரு கூட்டம் இருந்தா எப்படி இருக்கும்டா!" என்றான்.

நான் சொன்னேன், "இருந்துச்சு. இன்னும் இருக்கு."

போனை வெச்சதும் பக்கத்துல எலுமிச்சை மூட்டையைத் தைச்சுக்கிட்டிருந்த பெரியப்பா கேட்டார். "எய்யா, அது எந்த ஊரு? அங்க போயி என்னத்த வெளைய வைக்கப் போறாங்களாம்?"

அவர் கிண்டலாத்தான் கேட்டார். ஆனா கேள்வி சரியான கேள்வி. அதுக்குப் பதில் சொல்ல முயற்சி பண்றதுதான் இந்த எபிசோடு. கடைசியில பெரியப்பாகிட்ட திரும்பி வருவேன்.

பரிமாணம்னா என்ன?

முதல்ல ஒரு பயத்தைப் போக்கிடுவோம். நாலாவது பரிமாணம், எட்டாவது பரிமாணம்னு சொன்னதும் நமக்கு சினிமா ஞாபகம் வரும். வாசலைத் திறந்தா நீல வெளிச்சம், அந்தப் பக்கம் வேற உலகம். கணக்குல அப்படி எதுவும் கிடையாது. பரிமாணம் என்பது ஒரு விஷயத்தை முழுசாகக் குறிக்க எத்தனை எண்கள் தேவை என்பது மட்டும்தான்.

நேரான ரோட்டுல நீங்க எங்க நிக்கிறீங்கன்னு சொல்ல ஒரே எண் போதும். புளியங்குடியிலிருந்து இத்தனை கிலோமீட்டர். ஒரு வயல்ல நிக்கிறீங்கன்னா ரெண்டு எண். தென்னை மரத்துல ஏறிட்டீங்கன்னா மூணு.

இப்போ பெரியப்பாவோட எலுமிச்சையை எடுத்துக்குவோம். அவர் ஒரு காயைக் கையில எடுத்ததும் எடை, அளவு, நிறம், தோல் தடிமன், பறிச்சு எத்தனை நாள் ஆச்சுன்னு அஞ்சு விஷயம் பார்ப்பார். ஒவ்வொண்ணுக்கும் ஒரு எண் கொடுத்தா அந்த எலுமிச்சை அஞ்சு பரிமாண வெளியில ஒரு புள்ளி. அவருக்கு அது தெரியாது. ஆனா எந்தக் காய் எந்தக் காய்க்குப் பக்கத்துல இருக்குன்னு அந்த வெளியில தினமும் அளந்துக்கிட்டுத்தான் இருக்கார். அதுக்குப் பேர் தரம் பிரிக்கிறது.

நான் ஆபீஸ்ல பண்றதும் இதேதான். தேடல் எஞ்சின்ல ஒரு வாக்கியத்தை எண்களா மாத்துவோம். பெர்ட் மாதிரி ஒரு மொழி மாடல்ல அடிப்படை வடிவத்திலேயே 768 எண்கள். அதாவது ஒவ்வொரு வாக்கியமும் 768 பரிமாண வெளியில ஒரு புள்ளி. ஒரே அர்த்தம் உள்ள வாக்கியங்கள் பக்கத்துப் பக்கத்துல உட்காரும். நீங்க ஏஐகிட்ட எதையாவது கேட்கும்போதெல்லாம் அந்த மாதிரி வெளியில ஒரு நடை போயிட்டு வர்றீங்க.

சரி, எண்களைக் கூட்டிக்கிட்டே போறது சுலபம். கஷ்டம் எங்க வருதுன்னா, மூணு பரிமாணத்துல பழகின நம்ம உள்ளுணர்வு மேலே போகப் போக பொய் சொல்ல ஆரம்பிச்சிடும்.

பெட்டிக்கு வெளியே வரும் பந்து

இதுக்கு ஒரு உதாரணம். இதைக் கேட்டப்போ எனக்கு அன்னைக்குத் தூக்கம் வரல.

4 அடிக்கு 4 அடி சதுரம் ஒண்ணு வரைங்க. நாலு மூலையிலயும் 1 அடி ஆரம் உள்ள வட்டம். நாலும் ஒண்ணையொண்ணு தொட்டுக்கிட்டு நிக்கும். நடுவுல ஒரு சின்ன இடைவெளி இருக்கும். அதுல எவ்வளவு பெரிய வட்டம் வைக்கலாம்? 2-இன் வர்க்கமூலத்திலிருந்து 1-ஐக் கழிச்சா வரும். சுமார் 0.41 அடி ஆரம். குட்டி வட்டம்.

இதையே 4 அடி கனப் பெட்டியில செய்யுங்க. எட்டு மூலையில எட்டு பந்து, நடுவுல ஒண்ணு. இப்போ 3-இன் வர்க்கமூலம் கழித்தல் 1. சுமார் 0.73 அடி. கொஞ்சம் வளர்ந்திருக்கு.

நாலாவது பரிமாணத்துல 4-இன் வர்க்கமூலம் 2, அதுல 1 போனா 1. நடுப் பந்தும் மூலைப் பந்தும் ஒரே சைஸ். ஒன்பதாவது பரிமாணத்துல நடுப் பந்தோட ஆரம் 2 அடி. பெட்டியோட சுவரைத் தொட்டுடுச்சு. பத்தாவது பரிமாணத்துல சுமார் 2.16. இடுக்குல வெச்ச பந்து பெட்டியை விட்டு வெளியே நீட்டிக்கிட்டு நிக்குது.

கணக்குல தப்பே இல்லை. நம்ம கற்பனைதான் அங்க செல்லுபடியாகல. மேப் தேவைப்படுறது இதனாலதான். கண்ணால பார்க்க முடியாத, உள்ளுணர்வை நம்ப முடியாத ஊர்ல ஒவ்வொரு அடியையும் நிரூபிச்சுத்தான் வைக்கணும்.

எலுமிச்சை அடுக்குற கணக்கு

இந்த மேப்ல ரொம்ப நாளா இருந்த ஒரு கேள்வி: ஒரே அளவுள்ள பந்துகளை எப்படி அடுக்கினா இடைவெளி குறைவா இருக்கும்?

ரெண்டு பரிமாணத்துல பதில் தேன்கூடு மாதிரி அடுக்குறது. ஒரு காசைச் சுத்தி ஆறு காசு உட்காரும். மூணு பரிமாணத்துல பழக்கடைக்காரர் கூம்பு மாதிரி அடுக்குவாரே, அதுதான். ஒரு பழத்தை 12 பழம் தொடும். மொத்த இடத்துல சுமார் 74 சதவீதம் நிரம்பும். இதைவிட நல்லா அடுக்க முடியாதுன்னு கெப்ளர் 1611-இல் சொன்னார். தாமஸ் ஹேல்ஸ் கம்ப்யூட்டர் உதவியோட நிரூபிச்சது 1998-இல். கிட்டத்தட்ட 400 வருஷம், ஒரு பழக்கடைக்காரருக்குத் தெரிஞ்ச விஷயத்தை உறுதிப்படுத்த.

மூணுக்கே இந்தப் பாடுன்னா எட்டாவது பரிமாணம்? அங்கதான் ஆச்சரியம். எட்டில் ஒரு அடுக்கு இருக்கு. அதுக்குப் பேர் ஈ8. அதுல ஒவ்வொரு பந்தையும் 240 பந்துகள் தொடும். எங்கேயும் ஆட்டம் அசைவு கிடையாது, அவ்வளவு கச்சிதம். 24-ஆவது பரிமாணத்துலயும் அப்படி ஒண்ணு உண்டு, லீச் அடுக்கு. அதுல ஒரு பந்தைச் சுத்தி 1,96,560 பந்து. இந்த ரெண்டு ஊர்லயும் இதைவிடச் சிறந்த அடுக்கு கிடையாதுன்னு எல்லாரும் சந்தேகப்பட்டாங்க. யாராலயும் நிரூபிக்க முடியல.

2016 மார்ச் 14-ஆம் தேதி, யுக்ரேனில் பிறந்த மரினா வியாசோவ்ஸ்கா எட்டாவது பரிமாணத்துக்கான நிரூபணத்தை இணையத்துல போட்டார். அப்போ அவருக்கு 31 வயசு. ஒரு வாரத்துல இன்னும் நாலு பேரோட சேர்ந்து 24-ஐயும் முடிச்சார். அந்த நாலு பேர்ல ஒருத்தர் அபினவ் குமார்.

இதுல நம்ம ஊர் சம்பந்தம் ஒண்ணு இருக்கு. வியாசோவ்ஸ்கா பயன்படுத்தினது மாடுலர் வடிவங்கள் என்ற வகைச் சார்புகளை. ராமானுஜன் ஆழமா வேலை செஞ்ச இடம் அது. 1916-இல் வந்த கட்டுரையில அவர் பி, க்யூ, ஆர்னு மூணு சார்புகளை வெச்சு விளையாடுவார். நூறு வருஷம் கழிச்சு எட்டாவது பரிமாணத்துல பந்து அடுக்குறதுக்கு அந்தக் குடும்பத்துச் சார்புகள்தான் சாவியாச்சு.

கும்பகோணத்துல சாஸ்த்ரா பல்கலைக்கழகம் ராமானுஜன் பேர்ல ஒவ்வொரு வருஷமும் ஒரு பரிசு கொடுக்குது. வயசு வரம்பு 32, ஏன்னா ராமானுஜன் வாழ்ந்தது 32 வருஷம். 2017-ஆம் வருஷப் பரிசு வியாசோவ்ஸ்காவுக்கு. உலகம் அவருக்கு ஃபீல்ட்ஸ் பதக்கம் கொடுத்தது 2022-இல். கும்பகோணம் அஞ்சு வருஷம் முந்திக்கிச்சு.

ஒரு சுழற்சியும் ஒரு ஊர்தான்

இப்போ நான் சொன்ன அந்தச் சங்கத்துக்கு வருவோம். அவங்க பேர் அட்லஸ். முழுப் பேர் 'லீ குலங்கள், அவற்றின் உருவகிப்புகள் ஆகியவற்றின் அட்லஸ்'. பேரே மேப் புத்தகம்தான்.

அவங்க மேப் போட்டது சமச்சீருக்கு. ஒரு பந்தை எப்படிச் சுத்தினாலும் அது பார்க்க மாறாது. இந்த 'சுத்தினாலும் மாறாத' செயல்களை ஒண்ணு சேர்த்தா அதுவே ஒரு வெளி ஆயிடும். ஒரு சுழற்சியைக் குறிக்க எத்தனை எண் வேணும்? எந்த அச்சைச் சுத்தி என்று சொல்ல ரெண்டு எண், பூமி உருண்டையில அட்சரேகை, தீர்க்கரேகை மாதிரி. எவ்வளவு கோணம்னு சொல்ல ஒண்ணு. ஆக மூணு. பந்தோட சுழற்சிகள் எல்லாம் சேர்ந்து ஒரு மூணு பரிமாண ஊர்.

இப்படித் தொடர்ச்சியா நகரக்கூடிய சமச்சீர்களுக்கு லீ குலம்னு பேர். நார்வேக்காரர் சோஃபஸ் லீ பேர்ல வந்தது. ராமானுஜன் ஈரோட்டில் பிறந்த அதே காலகட்டத்துல, 1880-களின் கடைசியில, வில்ஹெல்ம் கில்லிங் என்ற ஜெர்மன்காரர் இவற்றைப் பட்டியல் போட்டார். பெரும்பாலானவை ஒழுங்கான நாலு குடும்பங்கள்ல அடங்கிடுச்சு. எந்தக் குடும்பத்துலயும் சேராம அஞ்சு மட்டும் தனியா நின்னுச்சு. அந்த அஞ்சுல பெரியது ஈ8.

ஆமா, அதே பேர். பந்து அடுக்குல ஒரு பந்தைச் சுத்தி 240 பந்து இருந்ததே, அந்த 240 திசைகளும் அடிப்படையான இன்னொரு எட்டும் சேர்ந்து 248. ஈ8 என்ற குலம் 248 பரிமாணம் உள்ளது. அது 57 பரிமாணப் பொருள் ஒண்ணோட சமச்சீர். வாசல் இல்லை, நீல வெளிச்சம் இல்லை. ஆனா ஊர் ரொம்பப் பெருசு.

அந்த ஊர்ல அட்லஸ் கூட்டம் தெரிஞ்சுக்க நினைச்சது இதுதான்: இந்தச் சமச்சீர் எத்தனை விதங்கள்ல வெளிப்பட முடியும்? ஒரே மனுஷன் வீட்ல அப்பா, கடையில முதலாளி, கோயில் கொடையில மேளம் அடிக்கிறவர். ஆள் ஒருத்தர்தான், தோற்றம் பல. ஒரு குலத்துக்கும் அப்படித் தோற்றங்கள் உண்டு. அதைத்தான் உருவகிப்புனு சொல்றாங்க. அதுல பலது முடிவிலிப் பரிமாணம் உள்ளது.

இந்த முடிவிலித் தோற்றங்களைக் கையாள அஸ்திவாரம் போட்டவர் நம்ம நாட்டுக்காரர். ஹரீஷ் சந்திரா, கான்பூரில் 1923-இல் பிறந்தவர். இயற்பியல் படிச்சு, கேம்பிரிட்ஜ்ல டிராக்கிடம் ஆராய்ச்சி செஞ்சு, அப்புறம் கணிதத்துக்குத் தாவினார். பிரயாக்ராஜ்ல அவர் பேர்ல ஒரு ஆராய்ச்சி நிறுவனம் இருக்கு. அட்லஸ்காரங்க நின்னது அவர் போட்ட தரையில.

ரேம் பத்தல

2002 வாக்கில் வேலை தொடங்குது. மேரிலாண்ட் பல்கலைக்கழகத்தின் ஜெஃப்ரி ஆடம்ஸ் தலைமை. எம்ஐடியிலிருந்து டேவிட் வோகன். அமெரிக்கா, ஐரோப்பான்னு சிதறிக் கிடந்த 18 பேர்.

ஈ8-இன் முக்கியமான வடிவத்துக்கு 4,53,060 அடிப்படைத் தோற்றங்கள். ஒவ்வொண்ணும் மத்ததோட எப்படிச் சம்பந்தப்பட்டிருக்குன்னு ஒரு அட்டவணை போடணும். 4,53,060 வரிசை, 4,53,060 நிரல். மொத்தம் 20,526 கோடிக்கும் மேல கட்டங்கள். ஒவ்வொரு கட்டத்திலும் ஒரு எண் இல்லை, ஒரு பல்லுறுப்புக் கோவை.

பல கட்டங்கள்ல ஒரே கோவை திரும்பத் திரும்ப வரும். அதனால வேற வேற கோவைகளை மட்டும் ஒரு இடத்துல சேமிச்சு, கட்டத்துல அதோட முகவரியை மட்டும் வெச்சாங்க. கோடிங் பண்றவங்களுக்கு இது தினசரி வேலை. அப்படிச் சுருக்கியும் சுமார் 118 கோடி தனித்தனிக் கோவைகள். அதுக்கு மேல இன்னொரு சிக்கல், ஒரு கட்டத்தைக் கணக்குப் போட முன்னாடி போட்ட கட்டங்கள் எல்லாம் கைக்கெட்டும் தூரத்துல இருக்கணும். ஹார்டு டிஸ்க்ல வெச்சு எடுத்தா வருஷக்கணக்காகும். எல்லாம் ரேம்ல இருக்கணும்.

அவங்களுக்குக் கிடைச்ச மெஷின் வாஷிங்டன் பல்கலைக்கழகத்துல இருந்த சேஜ். அதுல 64 ஜிபி ரேம். 2006-இல் அது பெரிய மெஷின். ஆனா வேலைக்கு அதைப்போல ரெண்டு மடங்குக்கும் மேல வேணும். அவ்வளவு நினைவகம் உள்ள, தங்களுக்குக் கிடைக்கக்கூடிய கம்ப்யூட்டரைத் தேடினாங்க. அமையல.

இந்த இடத்துல ஹார்வர்டின் நோவம் எல்கீஸ் ஒரு யோசனை சொன்னார். அது நாம எட்டாம் வகுப்புக் கோடை விடுமுறையில போட்ட புதிர்க் கணக்கு.

மீதிக் கணக்கு

கூடையில எலுமிச்சை இருக்கு. ஒன்பது ஒன்பதா எடுத்தா 2 மிச்சம். ஏழு ஏழா எடுத்தா 5 மிச்சம். அஞ்சு அஞ்சா எடுத்தா 3 மிச்சம். எத்தனை காய்?

போட்டுப் பார்ப்போம். ஒன்பதால 2 மிச்சம் வர்றது: 2, 11, 20, 29, 38, 47... இதுல ஏழால 5 மிச்சம் வர்ற முதல் எண் 47. அதிலிருந்து 63, 63-ஆக் கூட்டுங்க: 47, 110, 173, 236, 299. இதுல அஞ்சால 3 மிச்சம் வர்றது 173 மட்டும். 315-க்குள்ள வேற பதிலே கிடையாது, ஏன்னா 9-ஐயும் 7-ஐயும் 5-ஐயும் பெருக்கினா 315.

கவனிங்க, 173-ஐ ஞாபகம் வெச்சுக்க வேண்டிய அவசியமே யாருக்கும் இல்லை. மூணு பேர், ஆளுக்கு ஒரு ஒற்றை இலக்கம் வெச்சிருந்தா போதும். சேரும்போது முழு எண் கிடைச்சிடும். இதுக்குச் சீன மீதித் தேற்றம்னு பேர். இந்த மாதிரிக் கணக்குக்கு ஆரியபட்டர் 499-இல் எழுதின ஆரியபட்டீயத்திலேயே வழி இருக்கு. பின்னாடி அதைக் குட்டகம்னு சொன்னாங்க. குட்டகம்னா பொடியாக்குறது. பெரிய எண்ணை இடிச்சு இடிச்சுச் சின்னதாக்குறது.

எல்கீஸ் யோசனையும் அதுதான். முழு எண்களோட கணக்குப் போடாதீங்க. 256 அல்லது அதுக்குக் கீழே உள்ள ஒரு எண்ணால வகுத்த மீதியை மட்டும் வெச்சுப் போடுங்க. அப்போ ஒவ்வொரு எண்ணுக்கும் ஒரே பைட் போதும். நினைவகத் தேவை சட்டுனு இறங்கிடும். அதே கணக்கை வேற வேற வகுஎண்ணோட திரும்பத் திரும்ப ஓட்டுங்க. கடைசியில மீதிகளைச் சேர்த்து உண்மையான எண்ணைக் கண்டுபிடிச்சிடலாம்.

அவங்க எடுத்துக்கிட்ட எண்கள் 251, 253, 255, 256. எந்த ரெண்டுக்கும் பொதுக் காரணி கிடையாது. நாலையும் பெருக்கினா சுமார் 414 கோடி. விடையில வந்த மிகப் பெரிய எண் 1,18,08,808. தாராளமா அடங்கிடுச்சு.

2006 டிசம்பரில் ஓட்டம் தொடங்கி, 2007 ஜனவரி 8-ஆம் தேதி முழு விடையும் டிஸ்க்ல வந்து சேர்ந்தது. மொத்தக் கணக்கீட்டு நேரம் 77 மணி. விடையோட அளவு 60 ஜிபி. இன்னைக்கு உங்க பாக்கெட்ல இருக்கிற பென் டிரைவ்ல போட்டுக்கலாம்.

ஃபோக்கோ

இங்கேயே நிறுத்தினா இது ஒரு நல்ல டெக் கதை. ஆனா நான் இந்த எபிசோடு பண்ணினது அடுத்து வர்ற விஷயத்துக்காக.

இந்தக் கணக்கைப் போட்ட புரோகிராமை எழுதினவர் ஃபோக்கோ டு க்லூ. பிரான்சில் லியான் பல்கலைக்கழகத்துக் கணிதவியலாளர். லீ குலங்களை எப்படிக் கம்ப்யூட்டருக்குப் புரிய வைக்கிறதுன்னு மத்தவங்க குழம்பிக்கிட்டிருந்தப்போ, அந்தக் கணிதத்தை சி பிளஸ் பிளஸ்ல எழுதி முடிச்சார். ஆழமான கணிதமும் தெரிஞ்சு சுத்தமான கோடும் எழுதத் தெரிஞ்ச ஆள் எவ்வளவு அபூர்வம்னு எஞ்சினியர்களுக்குத் தெரியும்.

2005-இல் அவருக்கு ஏஎல்எஸ் என்று தெரிஞ்சது. ஸ்டீஃபன் ஹாக்கிங்குக்கு இருந்த நோய். தசைகளை இயக்குற நரம்பு செல்கள் செத்துக்கிட்டே வரும். கை, கால், பேச்சு, மூச்சு என்று ஒவ்வொண்ணாப் போகும். பலருக்கு மூளை தெளிவாவே இருக்கும். ஹாக்கிங்குக்கு நோய் மெதுவா நகர்ந்தது. ஃபோக்கோவுக்கு அந்த அவகாசம் கிடைக்கல. ஆனா உடம்பு செயலிழந்துக்கிட்டிருந்த காலத்திலும் அவர் இந்த வேலையை விடல.

அவரோட கோடை எடுத்து மேற்கொண்டு கொண்டுபோனவர் மார்க் வான் லியூவன், பிரான்சிலேயே புவாத்தியே பல்கலைக்கழகத்தைச் சேர்ந்தவர். மீதிக் கணக்கு முறைக்கு ஏத்த மாதிரி மாத்தினதும், நினைவகத்தை இன்னும் இறுக்கிச் சுருக்கினதும் அவர்.

2006 நவம்பர் 10-ஆம் தேதி ஃபோக்கோ இறந்துட்டார். விடை வந்தது ஜனவரி 8. ரெண்டு மாசம்கூட இல்லை.

இதைப் படிச்சப்போ எனக்கு என் மேலேயே ஒரு வெட்கம் வந்துச்சு. சொல்லிடுறேன். முன்னாடி வேலை பார்த்த ஒரு இடத்துல ஒரு மாட்யூலை நான் மட்டும் எழுதினேன். கிளம்புற அவசரத்துல ஒரு குறிப்புகூட எழுதல. எனக்கு அடுத்து வந்த பொண்ணு மூணு வாரம் ராத்திரி ராத்திரி போன் பண்ணி "அண்ணா, இந்த ஃபங்ஷன் எதுக்கு?"னு கேட்டாங்க. பாதிக்கு எனக்கே ஞாபகம் இல்லை. எனக்கு நோட்டீஸ் பீரியட் மட்டும் ரெண்டு மாசம் இருந்தது. கைகால் நல்லா இருந்தது.

ஃபோக்கோ எழுதினதை இன்னொருத்தர் பிரிச்சுப் பார்த்து, புரிஞ்சு, மாத்தி, ஓட்ட முடிஞ்சது. அந்த மென்பொருளை இன்னைக்கும் இலவசமாத் தரவிறக்கிக்கலாம். மேப் போடுற சங்கம்னா அதுதான்னு நினைக்கிறேன். போனவர் விட்ட இடத்திலிருந்து வர்றவர் தொடர முடியணும்.

என்னத்த வெளைய வைக்க?

இப்போ பெரியப்பா கேள்வி. 60 ஜிபி அட்டவணையால என்ன பயன்?

நேர்மையான பதில்: ஈ8 அட்டவணையை வெச்சு உங்க மிக்ஸி ஓடாது. அது கணிதத்துக்குள்ளேயே பயன்படுற கருவி. ஆனா இந்த வகை மேப்கள் வேலைக்கு வந்த கதைகள் உண்டு.

1960-களில் துகள் இயற்பியல்காரங்க கையில ஏகப்பட்ட துகள்கள், ஒழுங்கு தெரியல. மரி ஜெல்மன் அவற்றை எஸ்யூ3 என்ற எட்டுப் பரிமாண லீ குலத்தோட தோற்றங்கள்ல பொருத்தினார். ஒரு மூலை காலியா இருந்தது. அங்க ஒரு துகள் இருக்கணும், அதோட நிறை இவ்வளவு இருக்கணும்னு சொன்னார். 1964-இல் அது சிக்கிச்சு. ஒமேகா மைனஸ்.

இன்னொண்ணு எனக்கு நெருக்கமானது. மார்செல் கோலே 1949-இல் ஒரு குறியீடு கண்டுபிடிச்சார். 12 பிட் தகவலை 24 பிட்டா நீட்டி அனுப்பணும். வழியில மூணு பிட் கெட்டாலும் மறுமுனையில சரி பண்ணிக்கலாம். இதுவும் பந்து அடுக்குற கணக்குதான். ஒவ்வொரு செய்தியும் 24 பரிமாணத்துல ஒரு பந்து. பந்துகள் ஒண்ணோட ஒண்ணு மோதாம இருந்தா, கொஞ்சம் தடம் மாறி வந்த செய்தி எந்தப் பந்துக்குள்ள விழுதுன்னு பார்த்து மூலத்தைக் கண்டுபிடிச்சிடலாம். நான் முன்னாடி சொன்ன லீச் அடுக்கு 1967-இல் இந்தக் கோலே குறியீட்டிலிருந்துதான் பிறந்தது. வாயேஜர் விண்கலங்கள் வியாழன், சனி கிரகங்களோட கலர் படங்களை அனுப்பினப்போ இந்தக் குறியீட்டைப் பயன்படுத்தினாங்க. சின்ன வயசுல பாடப் புத்தகத்துல பார்த்த அந்தப் படங்கள் 24-ஆவது பரிமாணம் வழியா வந்தவை.

இதெல்லாம் வெளிநாட்டுல நடக்குற விஷயம்னு நினைக்காதீங்க. சென்னை தரமணியில கணித அறிவியல் நிறுவனம் இருக்கு, 1962-இல் தொடங்கினது. சிறுசேரி ஐடி பார்க்குக்குள்ளேயே சென்னை கணிதவியல் கழகம் இருக்கு. ஓஎம்ஆர்ல தினமும் கேப்ல போறவங்க, அடுத்த தடவை ஜன்னல் வழியா எட்டிப் பாருங்க. வேறு பரிமாணத்துக்கு மேப் போடுறவங்க உங்க பக்கத்து பில்டிங்கில் டீ குடிச்சுக்கிட்டிருக்கலாம்.

பெரியப்பாகிட்ட இதையெல்லாம் சுருக்கிச் சொன்னேன். ஃபோக்கோ பத்தியும் சொன்னேன். ரொம்ப நேரம் அவர் எதுவும் பேசல. ஊசியை மூட்டையில குத்தி வெச்சுட்டு, தோட்டத்து ஓரமா இருந்த பழைய எலுமிச்சை மரங்களைக் காட்டினார்.

"இது எங்கய்யா வெச்சது. காய்ப்புக்கு வர்றதுக்குள்ள போயிட்டாரு. தண்ணி எந்தப் பக்கம் விடணும், எந்தக் கிளைய வெட்டணும்னு எல்லாத்தையும் சொல்லிட்டுத்தான் போனாரு. அதான் நிக்குது."

அப்புறம் ஊசியைத் திரும்ப எடுத்துக்கிட்டே, "நீ அந்தப் புள்ளைக்கு எல்லாத்தையும் எழுதிக் கொடுத்தியாலே?"ன்னு கேட்டார்.

அன்னைக்கு ராத்திரி உட்கார்ந்து, இப்போ வேலை பார்க்கிற இடத்துல நான் எழுதின ரெண்டு மாட்யூலுக்கும் குறிப்பு எழுதி முடிச்சேன். நீங்களும் நாளைக்கு ஒண்ணு எழுதுங்க. அடுத்த எபிசோடுல பார்ப்போம்.